ஸ்கடர் குடும்பம்: பண்டத்தரிப்பு முதல் வேலூர் வரை

பள்ளிகொண்டாவிலிருந்து பாலாற்றை ஒட்டிக் கிழக்கே போனால் ஒரே அமெரிக்கக் குடும்பம் தோற்றுவித்த இரண்டு மருத்துவமனைகள் வருகின்றன. ராணிப்பேட்டையில் உள்ளது ஸ்கடர் நினைவு மருத்துவமனை. அதைவிடப் பன்மடங்கு பெரிய வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரியின் (சி.எம்.சி.) பெயரில் ஸ்கடர் இல்லை. இது தற்செயலன்று என்பதே இக்கட்டுரையின் வாதம்.

நியூஜெர்சியில் 1793இல் பிறந்த ஜான் ஸ்கடர், நியூயார்க்கில் தொழில் நடத்திய மருத்துவர். நோயாளி ஒருவரின் வீட்டில் கண்ணில் பட்ட சமயச் சிறுநூலைப் படித்துவிட்டு, 1819இல் மனைவி ஹாரியட்டுடன் கப்பலேறினார். கல்கத்தாவில் குழந்தை மரியா இறந்துபோனாள். யாழ்ப்பாணத்துப் பண்டத்தரிப்பில் அவர் குடியமர்ந்தார். கிழக்கிந்தியக் கம்பெனியின் 1833ஆம் ஆண்டுப் பட்டயச் சட்டம் பிறநாட்டு மிஷனரிகளுக்கு வழிவிட்டதும், 1836இல் சென்னைக்கு வந்தார். உடன் வந்தவர், பின்னாளில் தமிழ் அகராதியால் பெயர்பெற்ற வின்சுலோ. வெளிநாடு சென்ற முதல் அமெரிக்க மருத்துவ மிஷனரி என்று ஜானைச் சொல்வதுண்டு. ஆயினும் தெருத்தெருவாகத் துண்டு நூல் கொடுத்துப் பிரசங்கிப்பதே அவருக்கு முதல் வேலை. மருந்து அதற்கு வாசல் திறந்துவிடும் கருவி.

மகன்களில் எழுவர் இந்தியாவில் மிஷனரிகளானார்கள். ஹென்றி மார்ட்டின், வில்லியம், ஜோசப் மூவரும் 1853இல் ஆற்காடு மிஷனை அமைத்தனர். ஆங்கிலப் பள்ளிகளை ஒதுக்கிவிட்டு ஊர் ஊராகத் தமிழில் பிரசங்கிப்பது அதன் தொடக்ககாலக் கொள்கை. ராணிப்பேட்டையில் 1866இல் மருத்துவமனை திறந்தவர் சைலஸ். மகள்கள் ஹாரியட்டும் லூயிசாவும் திருமணம் ஆகும்வரை அண்ணன்களுக்கு உதவினார்கள். குடும்பப் பெருமை பேசும் நூல்களில் அவர்களுக்குக் கிடைப்பது ஓரிரு வரிகளே.

கடைசி மகன் இரண்டாம் ஜானின் மகள் ஐடா 1870இல் ராணிப்பேட்டையில் பிறந்தார். மிஷனரியாகும் எண்ணமே இல்லாமல் அமெரிக்காவில் படித்தவர். 1890இல் தாய்க்கு உடல்நலமில்லை என்று திண்டிவனம் வந்தார். அங்கே ஒரே இரவில் பிராமணர், முஸ்லிம், முதலியார் என மூன்று கணவர்கள் அடுத்தடுத்து வந்து, பிரசவத்தில் தவிக்கும் மனைவியைப் பார்க்க அவரைக் கூப்பிட்டார்கள். தனக்கு மருத்துவம் தெரியாது, அப்பாவை அழைத்துப் போங்கள் என்றார். அந்நிய ஆண் தொடக்கூடாது என்று மறுத்துத் திரும்பினார்கள். விடிந்தபோது மூன்று பெண்களும் இறந்திருந்தனர். ஐடா பிற்காலத்தில் பலமுறை சொன்ன கதை இது. சொல்லச் சொல்ல மெருகேறியிருக்கலாம். சாரத்தை ஐயுற வேண்டியதில்லை. எழுபது ஆண்டு சேவைக்குப் பிறகும் ஆண் ஸ்கடர் ஒருவரால் அந்த வீடுகளின் படியேற முடியவில்லை.

ஐடா 1899இல் கார்னெல் மருத்துவக் கல்லூரியில் பட்டம் பெற்று, ராபர்ட் ஷெல் என்பவர் தந்த 10,000 டாலருடன் திரும்பினார். அதில் எழுந்த 40 படுக்கை மருத்துவமனை 1902இல் வேலூரில் திறந்தது. 1909இல் செவிலியர் பயிற்சி தொடங்கியது. பெஜோ கார் ஒன்றில் குடியாத்தம் சாலையில் மரத்தடி மருத்துவமும் தொடங்கியது. 'ரோட்சைடு' என்றே அதற்குப் பெயர் நிலைத்தது. 1918இல் பெண்களுக்கான மருத்துவப் பள்ளி வந்தது. இங்கேதான் ராணிப்பேட்டையிலிருந்து வேலூரின் பாதை பிரிகிறது: ஆற்காடு மிஷன் மட்டும் தாங்கக்கூடிய செலவன்று அது. பல சபைகளின் மிஷன்கள் கூட்டாக நடத்தும் நிறுவனமாகவே அது தொடங்கியது.

1930களின் இறுதியில் சென்னை மாகாண அரசு அந்தப் பள்ளி கற்பித்த எல்.எம்.பி. என்ற மருத்துவ உரிமப் படிப்பைக் கைவிட்டு, எம்.பி.பி.எஸ். தரத்துக்கு உயரச் சொன்னது. மூடுவதா, பெரிதாக வளர்வதா என்ற நிலை. எழுபது வயதில் ஐடா அமெரிக்காவில் ஊர் ஊராகப் பணம் திரட்டினார். ஆண்களையும் சேர்த்தால் இன்னும் பல சபைகள் கைகொடுக்கும் என்ற யோசனை எழுந்தது. பெண்களுக்கென்றே நிதி திரட்டித் தந்த பழைய துணைவர் லூசி பீபாடி அதை எதிர்த்தார். ஐடா அந்த நட்பை இழந்து கல்லூரியைக் காத்தார். 1942இல் எம்.பி.பி.எஸ். தொடங்கியது, 1947இல் ஆண் மாணவர்கள் சேர்ந்தனர். ஹில்டா லாசரஸ் முதல் இந்திய இயக்குநரானார்.

இத்தனை சபைகள் பங்குதாரராக இருக்கும் இடத்துக்கு ஒரு குடும்பத்தின் பெயர் ஒட்டியிராது. ஐடாவின் அண்ணன் மகள் ஐடா பெல் ஸ்கடர் அங்கேயே எக்ஸ்-ரே மருத்துவராகப் பணியாற்றினார். ராணிப்பேட்டை மருத்துவமனையோ ஆற்காடு மிஷனின் கையில் இருந்து, பின் தென்னிந்தியத் திருச்சபையின் வேலூர்ப் பேராயத்துக்கு வந்தது. ஆண்வழிப் பெயர் அங்கே தங்கியது.