'அச்சூத் கன்யா'வை இயக்கிய ஜெர்மானியர்

ஒடுக்கப்பட்டோர் வாழ்வை இந்தியத் திரை எப்போது பேசத் தொடங்கியது என்ற கேள்வி வந்தால், 1936இல் வெளியான 'அச்சூத் கன்யா' என்ற இந்திப் படத்தைத்தான் எல்லோரும் முதலில் சொல்வார்கள். 'தீண்டப்படாத பெண்' என்று பொருள். நடித்த தேவிகா ராணியும் அசோக் குமாரும் நினைவில் நிற்கிறார்கள். கதையை எழுதிய நிரஞ்சன் பாலைக்கூடச் சிலர் சொல்லக்கூடும். இயக்கியவர் மியூனிக் நகரத்து ஜெர்மானியர், பிரான்ஸ் ஓஸ்டன். அதே 1936இல்தான் அவர் இட்லரின் நாஜிக் கட்சியில் உறுப்பினரானார். இந்த இரண்டு செய்திகளையும் நம் திரை வரலாற்றுப் பேச்சில் ஒன்றாக வைத்துப் பார்ப்பவர்கள் குறைவு.

ஓஸ்டன் 1876இல் ஒரு புகைப்படக்காரர் குடும்பத்தில் பிறந்தார். இயற்பெயர் ஆஸ்டர்மையர். தம்பி பீட்டரோடு ஊர் ஊராகச் சென்று படம் காட்டித் தொழிலைக் கற்றவர். 1924இல் இமான்சு ராய் கூட்டாளி தேடி மியூனிக் வந்தார். அடுத்த ஆண்டே புத்தரின் வாழ்வைச் சொல்லும் மௌனப்படமான 'லைட் ஆஃப் ஏசியா' உருவானது. ஜெய்ப்பூர் அரசர் யானைகளும் அரண்மனையும் கொடுத்தார். அடுத்து வந்த 'ஷிராஸ்', 'எ த்ரோ ஆஃப் டைஸ்' இரண்டிலும் அரசர்களும் அரண்மனைகளும்தான். ஐரோப்பியக் கண்ணுக்குச் சமைத்த இந்தியா அது. அதில் சேரி கிடையாது.

1934இல் ராய் பம்பாய் மலாடில் 'பாம்பே டாக்கீஸ்' ஸ்டுடியோவைத் தொடங்கியபோது ஓஸ்டன் வந்து சேர்ந்தார். ஒளிப்பதிவாளர் ஜோசப் விர்ஷிங்கும் உடன் வந்தார். இந்தி தெரியாமலே பத்துக்கும் மேற்பட்ட இந்திப் படங்களை ஓஸ்டன் இயக்கினார்.

படத்தின் கதைக்கு வருவோம். துக்கியா ரயில்வே கேட் காவலாளி. துக்கியா என்றால் துயரப்பட்டவன். கதை அவனுக்குக் கொடுத்த பெயரே அதுதான். பாம்பு கடித்த பார்ப்பன மளிகைக்கடைக்காரர் மோகனின் உடம்பிலிருந்து விஷத்தை உறிஞ்சி எடுத்து உயிரைக் காப்பாற்றுகிறான். இரு வீட்டாரும் நட்பாகிறார்கள். மகள் கஸ்தூரியும் மோகன் மகன் பிரதாப்பும் சேர்ந்து வளர்ந்து காதலிக்கிறார்கள். கல்யாணம் மட்டும் முடியாது. நோயுற்ற துக்கியாவை மோகன் தன் வீட்டில் வைத்துப் பார்த்துக்கொண்டதற்காக ஊரார் கூடி அடிக்கிறார்கள். இருவருக்கும் வேறு வேறு இடத்தில் மணம் முடிகிறது. கடைசியில் அதே கேட்டில் சண்டையைக் கண்டு, வரும் ரயிலைத் தடுக்க ஓடிய கஸ்தூரி சக்கரத்தில் சிக்கிச் சாகிறாள். அவள் நினைவாக ஒரு சிறு கோயில் எழும்புகிறது. படம் தொடங்குவதே அந்தக் கோயிலில்தான்.

அந்தக் காலத்தை யோசியுங்கள். 1935 செப்டம்பரில் நூரம்பர்க் சட்டங்கள் யூதருக்கும் ஜெர்மானியருக்கும் இடையிலான திருமணத்தைக் குற்றமாக்கின. அக்டோபரில் யேவலாவில் அம்பேத்கர், இந்துவாகச் சாகமாட்டேன் என்று அறிவித்தார். 1936 மே மாதம், லாகூரில் பேச மறுக்கப்பட்ட உரையை 'சாதி ஒழிப்பு' என்ற நூலாகத் தன் செலவில் அச்சிட்டார். சாதியை உடைக்கும் உண்மையான மருந்தாகக் கலப்பு மணத்தையும், அந்த மணத்தை மறிக்கும் சாஸ்திரங்களின் புனிதத்தைத் தகர்ப்பதையும் அதில் அவர் முன்வைத்தார்.

கலப்பு மணத்தைக் குற்றமாக்கிய கட்சியில் சேர்ந்தவர், கலப்புக் காதலுக்காகக் கண்ணீர் வரவழைக்கும் படத்தை எடுத்தது எப்படி? படத்தில் நாஜிக் கொள்கை எதுவும் இல்லை. அப்படிக் குற்றம் சாட்டுவது அநியாயம். ஆனால் படம் கேட்பது இரக்கம் ஒன்றை மட்டும்தான். கஸ்தூரி செத்துவிட்டால் பிரதாப் யாரை மணப்பது என்று ஊர் தீர்மானிக்க வேண்டியதில்லை. உயிரோடு இருந்தவளுக்கு மறுத்ததை, செத்தவளுக்குக் கோயிலாகக் கட்டிக் கொடுத்துவிடலாம். அந்த அளவு இரக்கத்துக்கு எந்தக் கட்சி உறுப்பினர் அட்டையும் தடையில்லை. நேருவும் சரோஜினி நாயுடுவும்கூடப் படத்தைப் பார்த்தார்கள்.

1939இல் 'கங்கன்' படப்பிடிப்பின்போது போர் மூண்டது. ஆங்கில அரசு ஓஸ்டனைக் கைது செய்து முகாமில் அடைத்தது. பிறகு விடுதலையாகி ஜெர்மனி திரும்பினார். விர்ஷிங்கும் சிறைப்பட்டார்; ஆனால் இந்தியாவிலேயே தங்கி 'மஹல்', 'பாகீசா' வரை ஒளிப்பதிவு செய்தார். ஓஸ்டன் 1956 டிசம்பர் 2 அன்று இறந்தார். நாக்பூரில் பௌத்தம் தழுவி இரண்டு மாதம்கூட ஆகாத நிலையில் அம்பேத்கர் மறைந்தது டிசம்பர் 6.

'அச்சூத் கன்யா' இன்றும் பார்க்கக் கிடைக்கிறது. மை தீட்டி, வரைந்த புருவத்தோடு வரும் தேவிகா ராணியைச் சற்று ஒதுக்கிவிட்டு, துக்கியாவைக் கவனியுங்கள். அவன் கூலி ஊர்ப் பண்ணையாரிடமிருந்து வரவில்லை, ரயில்வேயிலிருந்து வருகிறது. அதனால்தான் மோகன் எதிரில் நிமிர்ந்து நின்று பேச முடிகிறது. அடிபட்ட மோகனுக்கு மருத்துவரை அழைத்துவர ரயிலை நிறுத்திய குற்றத்துக்காக அந்த வேலையும் போகிறது. வேலை போனபின் படம் அவனை ஏறக்குறைய மறந்துவிடுகிறது.