உலக்கைப் பாட்டும் கொல்லிப்பாவையும்

காரவள்ளி அடிவாரத்திலிருந்து எழுபது கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்து மேலேறினால் சோளக்காடு. ஊர்ப்பெயரில் இருப்பது தானியம். சந்தையில் குவிந்திருப்பவை பலாவும் அன்னாசியும் வாழையும் மிளகும். சங்கப் பாடல்களைப் படித்துவிட்டு இம்மலைக்கு வருகிற நம்மவர்கள் தேடுவது பெரும்பாலும் இருவரை. ஒருவன் வல்வில் ஓரி. அவனுக்குச் செம்மேட்டில் சிலை இருக்கிறது, ஆடிப்பெருக்கை ஒட்டி அரசு விழாவும் நடக்கிறது. மற்றொருத்தி கொல்லிப்பாவை. காற்று மோதினாலும், இடி இடித்தாலும், நிலமே நடுங்கினாலும் தன் வடிவழகு குன்றாதவள் என்று நற்றிணை (201) அவளைச் சொல்கிறது. எட்டுக்கை அம்மனே அந்தப் பாவை என்பாரும் உண்டு.

இவ்விருவருக்கும் அப்பால், அதிகம் கவனிக்கப்படாத ஒன்று இந்த மலையின் இலக்கியத் தடத்தில் உள்ளது. பரணர் பாடிய குறுந்தொகை 89ஆம் பாடலில் பாவை வருவது வெறும் உவமையாகத்தான். பாடலின் பொருள், பெண்கள் உரலில் குற்றியபடி பாடும் வள்ளைப்பாட்டு. அந்தப் பாட்டைப் பற்றி அயலார் பேசும் வம்பைத் தோழி பொருட்படுத்த மறுக்கிறாள். கொல்லிப்பாவை போன்ற தலைவி பாடிக்கொண்டு குற்றுகிறாள். ஏட்டில் ஏறிய செய்யுள், ஏட்டில் ஏறாத பாட்டுக்குச் சாட்சியாக நிற்கிறது. ஆனால் உரலடியில் பாடப்பட்ட சொற்கள் எவை என்று அது நமக்குச் சொல்லவில்லை. அவை உலக்கையோடு போய்விட்டன.

ஏட்டிலிருந்ததை மீட்டவர்களை நாம் அறிவோம். உ.வே. சாமிநாதையர் தம் உரையோடு குறுந்தொகையைப் பதிப்பித்தது 1937இல். வாயிலிருந்ததை மீட்கும் வேலைக்கு அவருடைய மாணவரே வந்தார் என்பது பொருத்தமானது. பெர்சி மாக்வீன் என்ற ஆங்கிலேய அதிகாரி தொகுத்து வைத்திருந்த நாட்டுப்பாடல்களைக் கி.வா. ஜகந்நாதன் ஒழுங்கு செய்து, தஞ்சை சரசுவதி மகால் வழியாக 1958இல் 'மலையருவி' என்று வெளியிட்டார். பின்னர் நா. வானமாமலை கதைப்பாடல்களைச் சமூக வரலாற்றின் ஆவணங்களாக வாசிக்கக் கற்றுக்கொடுத்தார். பாளையங்கோட்டை தூய சவேரியார் கல்லூரி இத்துறையைக் கல்விப்புலத்தில் நிலைநிறுத்தியது. பழங்குடிகளைப் பற்றித் தமிழிலேயே விரிவாக எழுதியவர் பக்தவத்சல பாரதி.

கொல்லிமலையின் மலையாளி மக்களுக்கு வருவோம். பெயரைக் கண்டு கேரளத்தை நினைக்க வேண்டாம். மலையை ஆள்பவர் என்று பொருள் சொல்லப்படும் இவர்களின் மொழி தமிழ். காஞ்சிபுரத்திலிருந்து பெரியண்ணன், நடுவண்ணன், சின்னண்ணன் என மூன்று சகோதரர்கள் புறப்பட்டு வந்து ஆளுக்கொரு மலையில் குடியேறினார்கள் என்பது இவர்களின் தோற்றக்கதை. எட்கர் தர்ஸ்டனும் க. ரங்காச்சாரியும் 1909இல் வெளியிட்ட ஏழு தொகுதிகளில் இக்கதை இடம்பெற்றது. அங்கே அது, இவர்கள் மலையின் பூர்வகுடிகளா, கீழ்நாட்டு வேளாளரா என்ற வழக்கில் ஒரு சான்றுரையாகவே எடுத்தாளப்பட்டது. ஆனால் சொல்கிறவர்களுக்கு அது இடப்பெயர்ச்சிக் குறிப்பு மட்டுமன்று. கொல்லியும் பச்சைமலையும் சேர்வராயனும் உடன்பிறந்தவை, பங்காளி எங்கே இருக்கிறான் என்று ஒவ்வொரு தலைமுறைக்கும் காட்டும் உறவின் வரைபடம் அது. தொகுத்தவர்கள் கதையின் எலும்பைக் காத்தார்கள். சொன்னவர் யார், எந்த விழாவில், எந்த ராகத்தில் என்பது பதிவில் நிற்கவில்லை. அந்தக் காலத் தொகுப்புகள் பலவற்றுக்கும் இக்குறை பொது.

இப்போதைய சிக்கல் இன்னும் நுட்பமானது. சாமையும் தினையும் கேழ்வரகும் விளைந்த நிலங்களில் பெரும்பகுதியை ஜவ்வரிசி ஆலைகளுக்கான மரவள்ளி பிடித்துக்கொண்டது. சிறுதானியங்களைக் காக்க 1990களிலிருந்து இங்கே உழைத்த எம்.எஸ். சுவாமிநாதன் ஆய்வு நிறுவனம், சாமையின் உமி நீக்கும் இயந்திரங்களையும் மலைக்குக் கொண்டுவந்தது. சாமையை உரலிலிட்டுக் குற்றுவது பெண்களின் தோளை முறிக்கும் வேலை. அந்தச் சுமை குறைந்தது நல்லதே. பாட்டு வேண்டும் என்பதற்காக எவரும் உலக்கையைத் திரும்ப எடுக்கச் சொல்லும் உரிமை நமக்கில்லை. ஆனால் வேலையோடு பிறந்த பாட்டு, வேலை நின்றபின் நினைவில் மட்டுமே வாழும். அதுவும் ஒரு தலைமுறைக்கே.

ஆகவே, இந்த மலைக்கு வருகிற இலக்கிய வாசகர் ஓரியின் சிலையைப் படமெடுத்துக்கொண்டு திரும்பிவிட வேண்டாம் என்பதே என் வேண்டுகோள். உலக்கை பிடித்த கைகள் இன்னும் இங்கே இருக்கின்றன. முதிய பெண்களிடம் அனுமதி கேட்டு, அவர்கள் குரலிலேயே பதிவு செய்யலாம். பாடியவர் விரும்பினால் அவர் பெயரோடு, எந்த வேலைக்கு, யாரோடு சேர்ந்து பாடினார் என்ற குறிப்போடு. பதிவின் ஒரு படி அந்த ஊர்ப் பள்ளியிலும் இருக்க வேண்டும். பரணர் காலத்தில் உரலடியில் நின்றவளின் சொற்களை நாம் இழந்தோம். இன்று இருப்பவளின் சொற்களையும் இழந்தால், அதற்குக் காலத்தைக் காரணம் காட்ட முடியாது.