செகண்ட் பேஸில் டோனி ஸ்டோன்

1947இல் கறுப்பின ஆட்டக்காரர் ஜாக்கி ராபின்சன், அமெரிக்கப் பேஸ்பாலின் பெரிய லீக்கில் புரூக்ளின் டாட்ஜர்ஸ் சீருடை அணிந்து களமிறங்கினார். அதன் பிறகு, கறுப்பின ஆட்டக்காரர்களுக்கென்றே இருந்த நீக்ரோ லீக்குகள் என்ன ஆயின? திறமைசாலிகள் ஒவ்வொருவராகப் பெரிய லீக்குக்குப் போனார்கள். ரசிகர்களும் அவர்கள் பின்னாலேயே போய்விட்டார்கள். நீக்ரோ அமெரிக்கன் லீக்கில் 1953இல் மிஞ்சியவை நான்கே அணிகள். அவற்றில் ஒன்றான இண்டியானாபொலிஸ் கிளவுன்ஸ், முந்தைய ஆண்டுதான் ஹென்றி ஏரன் என்ற 18 வயதுப் பையனை பாஸ்டன் பிரேவ்ஸுக்கு விற்றிருந்தது. பின்னாளில் பேப் ரூத்தின் ஹோம் ரன் சாதனையை முறியடித்த அதே ஏரன். அவர் போன மறு ஆண்டு, கிளவுன்ஸின் செகண்ட் பேஸில் ஒரு பெண் வந்து நின்றார்.

டோனி ஸ்டோன் 1921இல் மேற்கு வர்ஜீனியாவில் பிறந்தவர். வளர்ந்தது மினசோட்டாவின் செயின்ட் பால் நகரில். அங்கே கேபி ஸ்ட்ரீட் என்ற பயிற்சியாளர் சிறுவர்களுக்குப் பேஸ்பால் பள்ளி நடத்தினார். விரட்ட விரட்ட இந்தச் சிறுமி திரும்பி வந்தாள். கடைசியில் அவரே ஆட வைத்துப் பார்த்து, ஸ்பைக் ஷூவும் வாங்கிக் கொடுத்தார். இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் சான் பிரான்சிஸ்கோவுக்குப் போன டோனி, வயதில் பத்தைக் குறைத்துச் சொல்லிக்கொண்டு ஆடத் தொடங்கினார். 1949இல் சீ லயன்ஸ் அணி. பேசிய பணம் கைக்கு வராததால் அதை விட்டு நியூ ஆர்லியன்ஸ் கிரியோல்ஸ்.

கறுப்பின ஆண்கள் அணிகளை விட்டால் அவர் வேறு எங்கே போயிருக்க முடியும்? பெண்களுக்கென்று நடந்த தொழில்முறை லீக் கறுப்பினப் பெண்களைச் சேர்க்கவில்லை. ஹாரிஸ்பர்க் அணி எலினோர் எங்கிள் என்ற வெள்ளைக்காரப் பெண்ணை ஒப்பந்தம் செய்ததும், 1952 ஜூனில் மைனர் லீக் நிர்வாகம் பெண்களுக்கே தடை போட்டது.

செகண்ட் பேஸ் சொகுசான இடமல்ல. ஒருவரை அவுட்டாக்கிய கையோடு பந்தை முதல் பேஸுக்கு எறிய வேண்டும். அதைத் தடுக்க, ஓடி வருபவர் ஆணி பதித்த ஷூவோடு சறுக்கிக்கொண்டு காலை நோக்கிப் பாய்வார். டோனிக்கென்று யாரும் வேகத்தைக் குறைக்கவில்லை. அதில் வாங்கிய தழும்புகளை அவர் பிற்காலத்தில் பெருமையோடு காட்டுவார்.

கிளவுன்ஸ் உரிமையாளர் சிட் பொல்லாக்குக்கு டிக்கெட் விற்க வேண்டும். டோனிக்குச் சம்பளம் 12,000 டாலர் என்று விளம்பரம் செய்தார்கள். உண்மையில் கிடைத்தது அதைவிட மிகக் குறைவு. பாவாடை கட்டி ஆடச் சொன்னபோது டோனி மறுத்து, ஆண்கள் அணிந்த சீருடையையே அணிந்தார். பெரும்பாலும் முதல் சில இன்னிங்ஸ் ஆடவிட்டு வெளியே அழைத்துவிடுவார்கள். அப்படியிருந்தும் 1953 பருவத்தில், அந்தக் காலக் கணக்குப்படி, நூறு முறை மட்டை பிடித்தால் 24 ஹிட் என்ற சராசரி அவருக்கு இருந்தது. முழு ஆட்டமும் ஆடவிட்டிருந்தால் அவருடைய உண்மையான அளவு தெரிந்திருக்கும். அது நடக்கவில்லை என்பதுதான் எனக்கு ஆறவில்லை.

தெற்கு மாநிலங்களில் தங்க இடம் கிடைப்பது தனிப் பாடு. ஆண்கள் நிறைந்த பஸ்ஸிலிருந்து ஒற்றைப் பெண் இறங்கினால், விடுதிக்காரர்கள் விலைமாது என்று முடிவுகட்டி, அப்படிப்பட்ட வீடுகளுக்கு வழிகாட்டினார்கள். அங்கிருந்த பெண்கள்தான் அவருக்குச் சோறு போட்டார்கள், சீருடையைத் துவைத்தார்கள், மார்பில் பந்து பட்டால் வலிக்காதிருக்கச் சட்டைக்குள் பஞ்சு வைத்துத் தைத்தார்கள். பிறகு ஊர் ஊராக அவர்களையே நம்பித் தங்கினார்.

1954இல் அவரை கான்சாஸ் சிட்டி மொனார்க்ஸுக்கு விற்றார்கள். அங்கே பெரும்பாலும் பெஞ்சில்தான் இருந்தார். பருவம் முடிந்ததும் விலகி, ஓக்லாந்தில் செவிலியர் பணி செய்தார். 1990இல் செயின்ட் பால் நகரம் மார்ச் 6ஆம் நாளை டோனி ஸ்டோன் தினமாக அறிவித்தது. 1996இல் காலமானார்.

2020 டிசம்பரில் அமெரிக்க மேஜர் லீக் நிர்வாகம், நீக்ரோ லீக்குகளுக்கும் மேஜர் லீக் தகுதி உண்டென்று ஏற்றுக்கொண்டது. ஆனால் 1920 முதல் 1948 வரை மட்டும். அதன் பிறகு தரம் குறைந்துவிட்டது என்பது காரணம். டோனியின் 1953 அந்தக் கோட்டுக்கு வெளியே நிற்கிறது.