காரீயக் காலம்

வெனிஸ் நகரத்துச் சினிமா விழாவுக்கு ஜெர்மனியிலிருந்து போய்ப் பெரும் பரிசோடு திரும்பிய பெண் டைரக்டர்களில் இருவரைப் பற்றி ஒன்றாகச் சேர்த்து நினைக்க வேண்டியிருக்கிறது. இருவருமே முதலில் நடிகைகளாக இருந்தவர்கள். முதலாமவர் லெனி ரீபன்ஸ்டால். மலையேறும் கதைகளில் நடித்துப் பேர் வாங்கி, பிறகு ஹிட்லர் கட்சியின் மகாநாட்டையும் பெர்லின் ஒலிம்பிக் பந்தயங்களையும் படமாக்கியவர். 1938-ல் அவருடைய ஒலிம்பிக் படத்துக்கு வெனிஸில் கிடைத்த பரிசுக்கு முசோலினிக் கோப்பை என்று பெயர். பரிசின் பெயரே போதும்; மற்றதை விளக்க வேண்டியதில்லை. இரண்டாமவர் 1981-ல் தங்கச் சிங்கம் என்ற பரிசை வாங்கினார். அந்தச் சிங்கத்தைப் பெற்ற முதல் பெண் டைரக்டர் அவர்தான். பெயர் மார்கரெத்தே வான் டிரோட்டா.

ரீபன்ஸ்டாலின் காமிரா ஆயிரக்கணக்கான மனிதர்களை ஒரே உடம்பாகப் பார்த்தது. டிரோட்டாவின் காமிரா ஒரு சிறைச்சாலையில் மேஜைக்கு இரு பக்கமும் உட்கார்ந்திருந்த இரண்டு பெண்களைப் பார்த்தது. முன்னவர் 101 வயது வரை வாழ்ந்து 2003-ல் கண்ணை மூடுகிற மட்டும், தமக்குக் கலை ஒன்றுதான் தெரியும், அரசியலோடு சம்பந்தமில்லை என்று சாதித்துக்கொண்டிருந்தார். பின்னவருக்கு அப்படிச் சொல்லிக்கொள்ளும் சௌகரியம் பிறக்கும்போதே இல்லை.

பிறந்தது 1942 பிப்ரவரியில், பெர்லினில். தாயார் எலிஸபெத் வான் டிரோட்டா, பால்டிக் கடலோரத்து ஜெர்மன் பிரபு வம்சத்தில் வந்தவர். பிறந்த ஊர் மாஸ்கோ. ருஷ்யப் புரட்சியில் குடும்பத்தின் சொத்தும் போயிற்று, சொந்தம் என்று சொல்லிக்கொள்ள ஒரு நாடும் போயிற்று. தகப்பனார் ஆல்பிரட் ரோலோப் என்ற சைத்ரிகர், வயதில் மிகவும் மூத்தவர். அவர்கள் கல்யாணம் செய்துகொள்ளவில்லை. ஆகவே பெண்ணுக்குத் தாயின் பெயரும், தாயின் நாடற்ற நிலைமையும் சேர்ந்தே வந்தன. யுத்தம் முடிந்த பிறகு தாயும் மகளும் டுஸெல்டார்பில் எளிய வாழ்க்கை நடத்தினார்கள். பெர்லினில் பிறந்து, ஜெர்மன் பள்ளியில் படித்து, ஜெர்மன் பாஷையில் கனவு கண்ட பெண் கையில் இருந்தது அன்னியருக்குக் கொடுக்கிற பாஸ்போர்ட்! 1964-ல் முதல் கல்யாணம் நடந்த பிறகுதான் ஜெர்மன் பிரஜை ஆனார். ஜெர்மனியின் கதையை இத்தனை பிடிவாதமாகத் தோண்டியவர், அந்த நாட்டுக்குள் பக்கத்து வாசல் வழியாக நுழைந்தவர் என்பதை மறக்காமல் இருப்பது நல்லது.

இடையில் பாரிஸ். பதினெட்டு வயசுப் பெண்ணுக்குப் பாரிஸில் என்னென்னவோ கிடைக்கும். இவருக்குக் கிடைத்தது ஸ்வீடன் தேசத்து டைரக்டர் இங்மார் பெர்க்மனின் 'ஏழாவது முத்திரை' என்ற படம். கடற்கரையில் ஒரு போர்வீரன் மரணத்தோடு சதுரங்கம் ஆடுகிறானே, அந்தப் படம். கொட்டகையை விட்டு வெளியே வந்தபோது, டைரக்டர் ஆக வேண்டும் என்ற ஆசை மனசில் விழுந்துவிட்டது. ஆனால் ஆசைப்பட்டால் ஆகிவிடுமா? அக்காலத்து ஜெர்மனியில் பெண் டைரக்டர் என்றதும் எல்லோருக்கும் நினைவு வந்த பெயர் ரீபன்ஸ்டாலுடையதுதான். அதை முன்மாதிரி என்று யாரால் சொல்லிக்கொள்ள முடியும்? சினிமாவுக்குள் ஒரு பெண் நுழைவதற்குத் திறந்திருந்த கதவு ஒன்றே ஒன்று. அது நடிகைக்கான கதவு. அதன் வழியாகவே போனார்.

ம்யூனிக்கில் நடிப்புப் பயிற்சி. பிறகு டிங்கெல்ஸ்ப்யூல் என்ற சின்ன ஊரிலும், ஸ்டட்கார்ட்டிலும், பிராங்க்பர்ட்டிலும் நாடக மேடை. 1970 வாக்கில் பாஸ்பிண்டர் என்ற முரட்டு மேதையின் படங்களில் வேஷம் கிடைத்தது. அதே வருஷம் பிரெக்டின் 'பால்' நாடகத்தை போல்க்கர் ஷ்லோன்டார்ப் டெலிவிஷனுக்குப் படமாக்கியபோது, பாஸ்பிண்டர் கதாநாயகனாகவும் இவர் அவனால் கெடுகிற பெண்களில் ஒருத்தியாகவும் நடித்தார்கள். படத்தைப் பார்த்த பிரெக்டின் விதவை ஹெலனே வைகலுக்கு அது பிடிக்கவில்லை. மறுபடி காட்டக்கூடாது என்று தடுத்துவிட்டார். தடை நீங்கி அது வெளியே வந்தது 2014-ல்! வைகல் அம்மையாரும் பெரிய நடிகைதான். கோபமும் பெரிதாகத்தான் இருந்திருக்கிறது.

ஷ்லோன்டார்பையும் டிரோட்டாவையும் 'பால்' சேர்த்து வைத்தது. 1971-ல் கல்யாணம். அதற்குப் பிறகு கணவர் டைரக்ட் செய்ய, மனைவி கூட உட்கார்ந்து திரைக்கதை எழுத, சில சமயம் நடிக்க, இப்படி நடந்தது. 1972-ல் வந்த 'வைக்கோல் நெருப்பு' படத்தின் கதையிலும் இவருக்குப் பங்கு உண்டு, கதாநாயகியும் இவரே. விவாகரத்து செய்துகொண்ட ஒருத்தி வேலை தேடி, பிள்ளையைத் தன்னிடம் வைத்துக்கொள்ளப் போராடி, ஒவ்வொரு படியிலும் புருஷர்களின் உலகத்தில் தலை முட்டிக்கொள்கிற கதை. அடுத்த படி 1975. ஹைன்ரிக் போலின் 'கத்தரீனா புளூமின் இழந்த மானம்' நாவலைப் படமாக்கியபோது டைரக்டர் என்று இருவர் பெயரும் விழுந்தது. போலீஸ் தேடுகிற ஒருவனோடு ஓர் இரவு இருந்துவிட்ட வீட்டு வேலைக்காரியை மஞ்சள் பத்திரிகை ஒன்று பிய்த்தெறிகிறது. கடைசியில் அவள் நிருபரைச் சுட்டுவிடுகிறாள். நடிகர்களோடு பேசி வேலை வாங்கும் பொறுப்பு பெரும்பாலும் டிரோட்டாவுடையது. கத்தரீனாவாக நடித்த ஆஞ்செலா விங்க்லரின் முகத்தைப் பார்த்தவர்களுக்கு, அந்த முகத்தை ஒரு நடிகையின் கண் கவனித்திருக்கிறது என்பது புரியும்.

அடுத்த வருஷம் இவர் நடித்த பெரிய வேஷம், மார்கரீத் யூர்ஸநாரின் நாவலிலிருந்து ஷ்லோன்டார்ப் எடுத்த படத்தில். 1919-ல் பால்டிக் பிரதேசத்து உள்நாட்டுப் போர். இடிந்துகொண்டிருக்கிற பிரபு மாளிகை. புரட்சிக்காரர் பக்கம் போய்விட்ட சீமாட்டி ஸோபி. அவள் காதலித்தவன் கையாலேயே சுடப்பட்டுச் சாகிறாள். தாயாரின் உலகம் அழிந்த கதையையே மகள் நடித்ததாகச் சொல்லலாம். ஸோபியைச் சுட்ட குண்டு நடிகை டிரோட்டாவின் மேலும் பட்டதோ என்னவோ, அதற்குப் பிறகு அவர் பெரும்பாலும் காமிராவுக்குப் பின்னால்தான் நின்றார்.

1978-ல் தனியாக எடுத்த முதல் படம், 'கிறிஸ்டா கிளாகெஸின் இரண்டாவது விழிப்பு'. குழந்தைகள் காப்பகம் ஒன்று பணமில்லாமல் மூடப்படாதிருக்க, அதை நடத்தும் பெண்மணி பாங்கியைக் கொள்ளையடிக்கிறாள். பாங்கியில் துப்பாக்கி முனையில் நின்ற குமாஸ்தாப் பெண், கடைசியில் அடையாளம் காட்டச் சொன்னபோது, நிமிர்ந்து பார்த்துவிட்டு, இவள் அல்ல என்கிறாள். முதல் படத்திலேயே தம் விஷயம் எது என்று இவருக்குத் தெரிந்துவிட்டது. ஒரு பெண் இன்னொரு பெண்ணைப் பார்க்கிற பார்வை. சட்டம் ஒன்றைக் கேட்கும். பார்வை வேறொன்றைச் சொல்லும்.

இனி 1977-ம் வருஷத்து அக்டோபர் மாதத்துக்கு வரவேண்டும். 1968-ல் பிராங்க்பர்ட் கடைகளுக்குத் தீ வைத்ததில் தொடங்கிய ஒரு சிறு கூட்டம் பிற்பாடு செஞ்சேனைக் குழு என்று பெயர் சூடிக்கொண்டு, கடைசிவரை 30 பேருக்கு மேல் கொன்றது. அதன் தலைவர்களில் ஒருத்தி குட்ருன் என்ஸ்லின், ஒரு பாதிரியாரின் மகள். அந்த இலையுதிர் காலத்தில், சிறையிலிருந்த தலைவர்களை விடுவிக்கச் சொல்லி முதலாளிகள் சங்கத் தலைவர் ஷ்லையரைக் கூட்டாளிகள் கடத்தினார்கள். விமானம் ஒன்றும் கடத்தப்பட்டது. அக்டோபர் 18-ந் தேதி அதிகாலை மொகதிஷுவில் விமானப் பிரயாணிகள் மீட்கப்பட்டார்கள். அன்று காலை ஸ்டட்கார்ட்டின் ஸ்டாம்ஹைம் சிறையில் குட்ருனும் இரண்டு தோழர்களும் பிணமாகக் கிடந்தார்கள். தற்கொலை என்றது சர்க்கார். நம்பாதவர் பலர். மறுநாள் ஷ்லையரின் சடலம் கிடைத்தது.

பிணங்களைப் புதைக்க இடம் கொடுக்கலாமா என்று ஊரில் பெரிய ரகளை. கிரேக்க நாடகத்து அந்திகோனேயின் கதை இருபதாம் நூற்றாண்டில் திரும்ப வந்தது போல! ஸ்டட்கார்ட் மேயர் மான்பிரட் ரொம்மல், சாவோடு பகை முடிந்துவிட வேண்டும் என்று சொல்லி, மூவரையும் ஊர் இடுகாட்டில் ஒரே குழியில் புதைக்க அனுமதித்தார். இந்த மேயர் யார் தெரியுமா? ஆப்பிரிக்கப் பாலைவனத்தில் நம் நாட்டுச் சிப்பாய்களும் எதிர்த்துப் போரிட்டார்களே, அந்தத் தளபதி ரொம்மலின் மகன். 1944-ல் ஹிட்லர் தந்தையை விஷம் குடிக்கச் செய்துவிட்டு, பிறகு ராஜ மரியாதையோடு இறுதிச் சடங்கு நடத்தியதைப் பதினைந்து வயசில் பார்த்த பிள்ளை. சவ ஊர்வலம் என்றால் என்ன, அதற்குள் எத்தனை பொய் புகும் என்பதெல்லாம் அவருக்குத் தெரியாததா?

அந்த அடக்கத்தைப் பல டைரக்டர்கள் சேர்ந்து எடுத்த ஒரு படத்துக்காக ஷ்லோன்டார்ப் படம்பிடித்தார். டிரோட்டாவும் அங்கே போயிருந்தார். சுற்றிலும் போலீஸ், குதிரைப் போலீஸ் வேறு. அங்கேதான் இறந்தவளின் அக்கா கிறிஸ்டியானேயைச் சந்தித்தார். பழக்கம் வளர்ந்தது. அக்கா சொன்னதிலிருந்து உருவானதுதான் வெனிஸில் பரிசு வாங்கிய படம். அது அவளுக்கே சமர்ப்பணமும் செய்யப்பட்டிருக்கிறது.

படத்தில் அக்காவின் பெயர் யூலியானே, பத்திரிகைக்காரி. தங்கை மரியானே, துப்பாக்கி ஏந்தப் போனவள். யூட்டா லாம்பேயும் பார்பரா ஸுகோவாவும் நடித்தார்கள். வேடிக்கை என்னவென்றால், சிறு வயசில் கலகக்காரி அக்காதான். பள்ளிக்குக் கறுப்புக் கால்சட்டை போட்டுக்கொண்டு போவாள். நடன விருந்தில் துணையில்லாமல் தனியாகவே சுற்றிச் சுற்றி ஆடுவாள். தங்கையோ அப்பாவின் செல்லம், சொன்ன சொல் தட்டாதவள். ஒரு நாள் பாதிரியாரான அப்பா, நாஜி வதை முகாம்களைப் பற்றி அலன் ரெனே எடுத்த 'இரவும் மூடுபனியும்' படத்தைப் போட்டுக் காட்டுகிறார். சகோதரிகள் இருவரும் எழுந்து வெளியே ஓடி வாந்தி எடுக்கிறார்கள். ஒரே படம், ஒரே வாந்தி. அதற்குப் பிறகு ஒருத்தி பேனா எடுத்தாள், ஒருத்தி குண்டு எடுத்தாள். ஏன் என்று படம் சொல்லவில்லை. சொல்ல முயன்றிருந்தால் நான் நம்பியிருக்க மாட்டேன்.

சிறையில் அக்கா பார்க்கப் போகிறாள். சண்டை போடுகிறார்கள். ஒரு தடவை, காவலர்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே, இருவரும் சட்டென்று மேல் கம்பளிச் சட்டையைக் கழற்றி மாற்றிப் போட்டுக்கொள்கிறார்கள். சின்னப் பெண்களாக ஒரே அறையில் உடுத்தியவர்கள் அல்லவா? பிறகு சிறை மாறுகிறது. நடுவே கண்ணாடி வந்துவிடுகிறது. கண்ணாடியில் ஒருத்தி முகத்தின் மேல் மற்றவள் முகம் படிகிறது. இந்த இரண்டு காட்சிகளையும், பல வருஷம் விளக்கு வெளிச்சத்தில் நின்று பிறர் பார்க்கத் தன் முகத்தைக் கொடுத்த ஒருவரால்தான் எடுக்க முடியும் என்பது என் அபிப்பிராயம்.

படத்துக்கு ஜெர்மனில் வைத்த பெயருக்குக் காரீயம் போல் கனக்கும் காலம் என்று அர்த்தம். ஹோல்டர்லின் கவிதையிலிருந்து எடுத்த சொல். டிரோட்டா மனசில் வைத்திருந்தது 1950-களை. பெரியவர்கள் யாரும் வாய் திறக்காமல், பழையதை மூடி வைத்துச் சாப்பிட்டு உடுத்திய வருஷங்களை. ஜனங்களோ துப்பாக்கிச் சத்தம் கேட்ட 1970-களைக் குறிப்பதாக எடுத்துக்கொண்டார்கள். இத்தாலியர் தங்கள் நாட்டு வன்முறைக் காலத்துக்கே அந்தப் பெயரை வைத்துவிட்டார்கள். தப்பாகப் புரிந்துகொள்ளப்பட்ட ஒரு தலைப்பு சரித்திரப் புத்தகத்தில் ஏறிவிட்டது. டிரோட்டா சொன்னது இன்னும் பயங்கரமானது. கனம் முதலில் வந்தது. வெடி பிறகுதான் வந்தது.

கொலைகாரியைக் குடும்பக் கதைக்குள் வைத்து மெருகு பூசிவிட்டார் என்று சிலர் வைதார்கள். பெண்ணுரிமைப் பத்திரிகையிலேயே கடுமையான கண்டனம் வந்தது. குற்றச்சாட்டில் பாதி வாஸ்தவம்தான். குண்டுக்குப் பலியானவர்களின் வீட்டுக்குப் படம் போகவில்லை. அவர்களுக்கும் அக்கா தங்கை இருந்திருப்பார்கள். ஆனால் மரியானேக்கு மன்னிப்பும் வழங்கப்படவில்லை. அவள் விட்டுப்போன பையனை, தாய் யாரென்று அறிந்த ஒருவர் நெருப்பு வைத்துச் சுடுகிறார். தப்பிப் பிழைத்து அவன் பெரியம்மா வீட்டுக்கு வந்ததும், சுவரிலிருந்த தாயின் படத்தைக் கிழித்துப் போடுகிறான். பிறகு எல்லாவற்றையும் சொல் என்று கேட்கிறான். படம் அங்கே நிற்கிறது.

பிற்பாடு எடுத்தவற்றைச் சுருக்கமாகச் சொல்லலாம். பாஸ்பிண்டர் எடுக்க நினைத்திருந்த ரோஸா லுக்ஸம்பர்க் கதை, 1982-ல் அவர் செத்துப்போனதும் இவரிடம் வந்தது. இருந்த திரைக்கதையை ஒதுக்கிவிட்டு, ரோஸாவின் கடிதங்களைக் கட்டுக் கட்டாகப் படித்துத் தாமே எழுதி 1986-ல் எடுத்தார். பிரகடனங்களைவிடச் சிறையில் ரோஸா வளர்த்த செடிகள் நினைவில் நிற்கின்றன. ஸுகோவாவுக்குக் கான் விழாவில் நடிகைக்கான பரிசு. பிறகு சில வருஷம் இத்தாலி. ஷ்லோன்டார்போடு 1991-ல் விவாகரத்து. ஜெர்மன் டெலிவிஷனுக்கு நிறைய வேலை. 2003-ல் 'ரோஸன்ஸ்ட்ராஸே'. 1943-ல் யூதக் கணவர்களை விடச் சொல்லி பெர்லின் தெருவில் நின்ற மனைவிகளின் உண்மைக் கதை. அதில் கதாநாயகியைக் கோயபல்ஸின் பக்கத்தில் கொண்டுபோய் நிறுத்தியதைச் சரித்திரக்காரர்கள் கண்டித்தார்கள். நியாயம்தான், தெருவில் நின்ற பெண்களே போதுமானவர்கள். 2012-ல் 'ஹன்னா அரெண்ட்'. இதில் ஐக்மன் வேஷத்துக்கு நடிகர் யாரையும் போடாமல், 1961-ல் ஜெருசலேம் விசாரணையில் பிடித்த பழைய படச்சுருளில் அசல் ஐக்மனையே உட்கார வைத்தார். நடிகையாக இருந்தவருக்கு, எந்த இடத்தில் நடிப்பு கூடாது என்பது தெரிந்திருக்கிறது.

ஒன்று சொல்ல விட்டுப்போயிற்று. 1979-ல், காரீயப் படத்துக்கு முன்னால், 'சகோதரிகள்' என்று ஒரு படம் எடுத்தார். ஒற்றைப் பிள்ளையாக வளர்ந்தவருக்கு ஏன் இந்தச் சகோதரிப் பைத்தியம் என்று கேட்கத் தோன்றும். தாயார் காலமான பிறகு, முன்பின் தெரியாத ஒரு ஸ்திரீயிடமிருந்து கடிதம் வந்தது. விசாரித்தால், அதே தாய் வயிற்றில் முன்பே பிறந்து, வேறு வீட்டில் வளரக் கொடுக்கப்பட்ட அக்கா! தாய் சாகும்வரை மகளிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை.

1994-ல், கோதன்பர்க் விழாவில் காட்டுவதற்காகத் தமக்குப் பிடித்த படங்களின் ஜாபிதா ஒன்றைப் பெர்க்மன் கொடுத்தார். பதினொரு படம். பெண் எடுத்தது அதில் ஒன்றுதான், இரு சகோதரிகளின் படம். 2018-ல் டிரோட்டா பெர்க்மனைத் தேடிப் போகிற ஒரு படம் எடுத்தார். தொடக்கத்தில், போர்வீரன் சதுரங்கம் ஆடிய அதே கடற்கரையில், கூழாங்கற்களுக்கு நடுவே நின்றுகொண்டு, பாரிஸ் கொட்டகையில் பார்த்த காட்சிகளை ஒவ்வொன்றாகக் கையால் காட்டிச் சொல்கிறார். அப்போது அவருக்கு வயது 76.