காணாமற்போன சானும் தாயின் சமையலறையும்

1949 ஆம் ஆண்டு ஹாங்காங்கில் பிறந்த தம் மகனுக்கு, நடிகர் ஜான் வெயினின் நினைவாக, ஒரு சீனத் தந்தை வெயின் என்று பெயரிட்டார். கௌபாயின் பெயரைச் சுமந்த அப்பிள்ளையே, பின்னர் கலிபோர்னியாவில் பயின்று, அமெரிக்கச் சீனரின் வாழ்வைத் திரையில் எழுதிய இயக்குநர் வெயின் வாங்.

ஹாலிவுட் அதுவரை கொண்டாடிய சீனர் துப்பறியும் சார்லி சான். 1930களில் அப்பாத்திரத்தை ஏற்று நடித்தவர்களோ வெள்ளையர்கள்! 1982 இல் வெளிவந்த ‘சான் இஸ் மிஸ்ஸிங்’ அம்மரபைக் கவிழ்த்தது. ஏறத்தாழ 22,000 டாலர் செலவில் எடுக்கப்பட்ட கறுப்பு வெள்ளைப் படம் அது. டாக்சி உரிமத்துக்காகச் சேர்த்த 4,000 டாலருடன் மறைந்துவிட்ட சான் என்பவரை, ஸான் ஃபிரான்ஸிஸ்கோவின் சீனர் குடியிருப்பில் இரு ஓட்டுநர்கள் தேடுகின்றனர். விசாரிக்கப்படும் ஒவ்வொருவரும் வெவ்வேறு சானை வருணிக்கின்றனர். பணம் திரும்பி வருகிறது, சான் அகப்படவில்லை. எஞ்சிய புகைப்படத்திலும் அவர் முகத்தில் நிழல் விழுந்திருக்கிறது.

சான் யார் என்ற இக்கேள்விக்குப் பின்னால் ஒரு சட்டத்தின் வரலாறு உண்டு. 1882 ஆம் ஆண்டுச் சட்டம் சீனத் தொழிலாளர் அமெரிக்காவில் நுழைவதைத் தடுத்தது. முன்னரே வந்தவர்கள் மனைவியைத் தாயகத்தில் விட்டு, கடிதமும் பணமும் அனுப்பியே முதுமை எய்தினர். 1943 இல் தடை நீங்கியபோதும் ஆண்டுக்கு அனுமதிக்கப்பட்டவர் 105 பேரே. போருக்குப் பின்னரே, படைவீரராயிருந்த சீனர் மனைவியரை அழைத்துவர வழி பிறந்தது. லூயி சூவின் நாவலைத் தழுவி வாங் 1989 இல் இயக்கிய ‘ஈட் எ பௌல் ஆஃப் டீ’ அக்காலத்து நியூயார்க்கைக் காட்டுகிறது. சீனாவிலிருந்து மணமுடித்து வரும் இளம் தம்பதியரிடம் முதியவர்கள் பேரக்குழந்தையை ஓயாது எதிர்பார்க்கின்றனர். அந்த எதிர்பார்ப்பின் பாரத்தில் இளைஞனின் தாம்பத்தியமே முடங்குகிறது. குடும்பம் மறுக்கப்பட்டவர்களின் ஏக்கம் அடுத்த தலைமுறையின் படுக்கையறை வரை நுழைவதை நகைச்சுவையாகவே சொல்லியிருப்பது வாங்கின் துணிவு.

1985 இல் வந்த ‘டிம் சம்’ இன்னும் அமைதியானது. உண்மையிலும் தாயும் மகளுமான இருவரே திரையிலும் தாய் மகளாக நடித்தனர். 1993 இன் ‘தி ஜாய் லக் கிளப்’ பெரிய நிறுவனத்தின் தயாரிப்பு. அதில் கண்ணீர் சற்று மிகுதிதான்.

பின்னர் ஹாலிவுட் வணிகப் படங்களுக்கும் சென்ற வாங், 2019 இல் ‘கமிங் ஹோம் அகெய்ன்’ படத்தின் மூலம் மீண்டும் சிறிய வீட்டுக்குள் வந்தார். இம்முறை குடும்பம் கொரியர்களுடையது. புற்றுநோயுற்ற தாய்க்கு, அவள் கற்பித்த முறையிலேயே மகன் மாட்டு விலாக்கறி சமைக்கிறான். அவளால் உண்ண இயலவில்லை.