துழாயும் இறாலும்: கடல்மல்லை முதல் தகுவாபா வரை

தாய்லாந்துச் சமையல் என்றவுடன் நம்மவர்க்கு அது ஏதோ தொலைதூரத்து விந்தை போலத் தோன்றுகிறது. புட்டிகளில் அடைத்த குழம்புகளும், பெருநகரக் கடைகளில் மட்டும் கிடைக்கும் இலைகளும் இல்லாமல் அதைச் சமைக்க இயலாது என்ற எண்ணம் பரவலாக இருக்கிறது. வாணலியில் விழும் ஒவ்வொரு பொருளின் வரலாற்றையும் தேடிப் போனால் இந்த எண்ணம் நிலைக்காது என்பதே நாங்கள் இங்கே சொல்ல வருவது.

எடுத்துக்காட்டாக 'பட் கப்ராவ் குங்' என்ற பண்டத்தைக் கொள்வோம். 'பட்' என்றால் பெருந்தீயில் விரைந்து வதக்குதல். அந்த முறை சீனக் குடியேறிகள் வழியே தாய்லாந்துக்கு வந்தது. 'குங்' என்பது இறால். 'கப்ராவ்' வேறொன்றுமில்லை, நம் வீட்டு மாடத்தில் நிற்கும் துளசிதான். இங்கே தலசயனப் பெருமாள் சந்நிதியில் தீர்த்தத்தோடு கையில் விழும் இலை, அங்கே பூண்டோடும் மிளகாயோடும் இறைச்சியில் சேர்கிறது. செடி ஒன்று, கடலின் இரு கரைகளிலும் அதன் வாழ்வு வேறு.

இந்த இரு கரைகளுக்கும் இடையிலான போக்குவரவு பழையது. தாய்லாந்தின் குளோங் தோம் பகுதியில் கிடைத்த பொற்கொல்லர் உரைகல் ஒன்றில் 'பெரும்பதன் கல்' என்று தமிழ் பிராமியில் பொறித்திருக்கிறது. அதற்குச் சில நூற்றாண்டுகளுக்குப் பின், ஒன்பதாம் நூற்றாண்டில், தகுவாபாவில் தமிழ்க் கல்வெட்டு ஒன்று எழுந்தது. அங்கே வெட்டப்பட்ட குளத்தின் பெயர் அவனிநாரணம்; அதற்குக் காவலாகக் குறிக்கப்படுவோர் மணிக்கிராமத்தாரும் சேனாமுகத்தாரும். அவனிநாரணன் என்பது மூன்றாம் நந்திவர்ம பல்லவனின் விருதுப்பெயர். யானைகளும் மணிக்குவைகளும் சுமந்த கலங்கள் கடல்மல்லைத் துறையில் இயங்கியதைத் திருமங்கையாழ்வார் பாடியிருக்கிறார். அக்கரையில் குளம் வெட்டியவர்கள் சில நாள் தங்கித் திரும்பும் எண்ணத்தில் வெட்டியிருக்க மாட்டார்கள். குளம் வெட்டுகிறவன் உலை வைக்கவும் செய்கிறான்.

2004 டிசம்பர் 26 அன்று எழுந்த ஆழிப்பேரலை தகுவாபா வட்டாரத்தையும் மாமல்லபுரக் கரையையும் ஒரே காலையில் தாக்கியது. அதன்பின் சாளுவன்குப்பத்தில் வெளிப்பட்ட கல்வெட்டைத் தொடர்ந்து, தொல்லியல் துறையினர் 2005இல் பழைய முருகன் கோயில் ஒன்றை அகழ்ந்தெடுத்தனர். நாம் மறந்தாலும் கடல் இரு கரைகளையும் ஒன்றாகவே எண்ணுகிறது போலும்.

இனி அடுக்களைக்கு வருவோம். தாய்லாந்தார் 'கா' என்று சொல்லும் கிழங்கு நம் பேரரத்தை. நாம் அதை நாட்டு மருந்துக் கடையில் வாங்கிச் சளிக்குக் கஷாயம் வைக்கிறோம். அவர்கள் சாற்றில் போடுகிறார்கள். 'ஹோரபா' என்ற மணமுள்ள இலை நம் திருநீற்றுப் பச்சிலையின் இனம். கோடையில் நாம் ஊறவைத்துக் குடிக்கும் சப்ஜா விதை அந்தச் செடியின் விதையே. எலுமிச்சை இனத்து இலையை அவர்கள் குழம்பில் கிள்ளிப் போடுவதுபோல, நம் பாட்டிமார் நார்த்தை இலையை இடித்து வேப்பிலைக்கட்டி செய்தார்கள். பெட்சபுரிப் பகுதியில் இனிப்புக்கு இறக்குவது பனைமரத்துப் பதநீர். நமக்குப் பனைவெல்லம் புதிதா என்ன?

மிளகாயின் கதை இன்னும் சுவையானது. அது அமெரிக்கக் கண்டத்துக் காய்; போர்ச்சுகீசியர் காலத்தில் கீழைக் கடல்களுக்கு வந்தது. அவர்கள் மலாக்காவைப் பிடித்தது 1511இல். அதே ஆண்டில் அயுத்தியா அரசவைக்கும் தூது அனுப்பினர். புதிய காய் வந்தபோது நாம் 'மிளகு' என்ற பழஞ்சொல்லோடு 'காய்' சேர்த்து மிளகாய் என்றோம். தாய்லாந்தார் மிளகுக்கு வழங்கிய 'பிரிக்' என்ற சொல்லைப் புதுக்காய்க்குக் கொடுத்துவிட்டு, பழைய மிளகை 'பிரிக் தாய்', அதாவது தாய்நாட்டு மிளகு, என்று அழைக்கலானார்கள். இங்கே வந்தவனுக்குப் பழையவன் பெயரிலிருந்து ஒரு பெயர் கிடைத்தது; அங்கே பழையவனே அடைமொழி தேட வேண்டியதாயிற்று.

சமைக்கும் முறை எளிது. கால் கிலோ இறாலை ஓடு நீக்கி, முதுகுக் குடலை எடுத்து, ஈரம் போகத் துடைத்துக் கொள்க. எட்டுப் பல் பூண்டையும் ஐந்தாறு ஊசிமிளகாயையும் கல்லில் ஒன்றிரண்டாகத் தட்டுக. இரும்பு வாணலியில் எண்ணெய் புகையும் பதம் வந்ததும் அவற்றைப் போட்டு, நெடி ஏறுமுன் இறாலைச் சேர்த்துக் கிளறுக. ஒரு மேசைக்கரண்டி மீன்சாறு, ஒரு சிட்டிகை பனைவெல்லத் தூள். இறால் சிவந்து சுருண்டதும், இரண்டு மூன்று நிமிடங்களில், அடுப்பை அணைத்து ஒரு கைப்பிடி இலையைப் போட்டுப் புரட்டிச் சோற்றோடு உண்க. நம் இறால் தொக்கு பொறுமையைக் கேட்கும். இது விரைவைக் கேட்கும். திருத்துழாயை அடுப்பிலிட மனம் ஒப்பாதவர்கள் திருநீற்றுப் பச்சிலை இடலாம். அது மாற்றுக் குறைந்த பதிலி அன்று. அக்கரையிலும் அவ்விலையை வதக்கலில் இடுகிறார்கள்.

எஞ்சியிருப்பது இறால். சங்கப் பாடல்களின் இறவு, நம் கரையோரப் பேச்சின் எறா. இங்குதான் கவலையும் இருக்கிறது. கடலோரப் பண்ணைகள் பெருகி, 1990களின் நடுவில் வெண்புள்ளி நோயால் சரிந்தன. விளைநிலமும் குடிநீரும் உவர்ப்பதை எதிர்த்துக் காந்தியவாதி ச. ஜெகந்நாதன் தொடுத்த வழக்கில் 1996 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2005இல் கடலோர நீர்வாழ் உயிரின வளர்ப்புக்குத் தனிச் சட்டம் வந்தது. 2009இல் வன்னாமி இறாலுக்கு இந்தியாவில் அனுமதி கிடைத்தது. தாய்லாந்து அதை முன்னரே வளர்க்கத் தொடங்கியிருந்தது. வன்னாமியும் மிளகாயைப் போல அமெரிக்கக் கரையின் பிள்ளை.

ஆக இன்று இரு கரைகளிலும் வாணலியில் விழும் காரம் அயலது. பெரும்பாலான பண்ணை இறாலும் அயலது. இலையும் கிழங்கும் வெல்லமும் மட்டுமே பழைய உறவினர். நம் கடலின் வெள்ளை இறால் இன்னும் இருக்கிறது. அது கடலில் முட்டையிடும். குஞ்சுகள் முகத்துவாரம் வழியே கழிமுகத்துக்குள் வந்து வளர்ந்து கடலுக்குத் திரும்பும். மணல்மேடிட்டு வாய் அடைபட்டால் அந்தப் போக்குவரவு நின்றுபோகும். கோவளத்திலும் முட்டுக்காட்டிலும் நீரின் வாய் திறந்திருக்கிறதா என்பது மீனவர் கேள்வி மட்டுமன்று, உண்பவர் கேள்வியும்தான். இறால் வாங்கும்போது அது கடலதா பண்ணையதா என்று ஒரு சொல் கேட்டு வாங்குங்கள். மணிக்கிராமத்தார் அக்கரையில் ஒரு குளத்தைக் காத்தார்கள். நமக்கு இக்கரையில் ஒரு முகத்துவாரமாவது காக்கக் கிடக்கிறது.