சலங்கை (திரைப்படம்)

சலங்கை, மலேசிய இயக்குநர் தீபக் குமாரன் மேனனின் இரண்டாவது முழுநீளத் தமிழ்த் திரைப்படம், 2007இல் வெளிவந்தது. கதை நடக்கும் இடம் கோலாலம்பூரின் பிரிக்பீல்ட்ஸ். பூ விற்றுக் குடும்பத்தைத் தாங்கும் ஒரு தாய், பரதநாட்டியம் கற்க ஆசைப்படும் மகள். கதை இவ்வளவே. இது கற்பனைப் படம்தான். ஆனாலும் ஓர் ஆவணப்படத்தின் பொறுமையோடு அப்பகுதியின் அன்றாடத்தைப் பார்க்கிறது.

இயக்குநரின் முதல் படமான செம்மண் சாலை (2005), 1960களின் ரப்பர் தோட்ட வாழ்வைச் சொன்னது. அதற்கு அவருடைய தாயின் நினைவுகளே அடிப்படை. இரண்டையும் அடுத்தடுத்துப் பார்ப்பது நல்லது. தோட்டத்தை விட்டு நகரத்துக்கு வந்த ஒரு சமூகத்தின் இரு காலங்கள் அவற்றில் தெரியும்.

பிரிக்பீல்ட்ஸ் தன் பெயரைச் செங்கற்சூளைகளிலிருந்து பெற்றது. 1881இல் தீயும் வெள்ளமும் கோலாலம்பூரை அழித்தபின் செங்கல் கட்டடங்கள் பெருகின, சூளைகளும் பெருகின. பின்னர் ரயில்வே வந்தது. அதில் வேலை செய்த தமிழரும் இலங்கைத் தமிழரும் இங்கே குடியேறினர். பழைய ரயில்வே நிலத்தில் கேஎல் சென்ட்ரல் நிலையம் 2001இல் திறக்கப்பட்டது. அதைச் சுற்றி மாடிக் கட்டடங்கள் எழுந்தன. ரயில்வே ஊழியர் வாழ்ந்த நூறு குவார்ட்டர்ஸ் வீடுகள் பிற்பாடு இடிக்கப்பட்டன.

2010 அக்டோபரில் இந்தியப் பிரதமர் மன்மோகன் சிங்கும் மலேசியப் பிரதமர் நஜிப் ரசாக்கும் இப்பகுதியை ‘லிட்டில் இந்தியா’வாகத் திறந்து வைத்தனர். சலங்கையில் இருப்பது அதற்கு முந்தைய பிரிக்பீல்ட்ஸ்.